ஊர் நோய்

யாகுமுல்
பிப்ரவரி 18

அன்புத் தங்கை டெல்மாவுக்கு,

அக்கா பிபியானா எழுதுவது. மழை, சளி தவிர இங்கே யாருக்கும் குறை ஒன்றும் இல்லை. அப்பாவின் முழங்கால் மட்டும் பழைய பாட்டையே பாடுகிறது. நீ சுகமாகப் போய்ச் சேர்ந்தாயா, அந்த ஊர் வெயில் ஒத்துக்கொள்கிறதா என்று எழுது. பேசிக்கொள்ளலாம் என்றால் டவர் இல்லை. கீழ்ப் பள்ளத்தாக்குக்காரர்களோடு நடந்த சண்டையில் கொளுத்திவிட்டார்கள். யார் கொளுத்தியது என்று கேட்டால் இவர்கள் அவர்களைக் கை காட்டுகிறார்கள், அவர்கள் இவர்களை. மிஷன் வண்டி டிரைவரிடம் இந்தக் கடிதத்தைக் கொடுத்தனுப்புகிறேன். டவுனில் தபாலில் சேர்த்துவிடுவான்.

நீ புறப்பட்ட அன்று மோகியா சின்னம்மா உன் பின்னலை வெட்டிவிட்டாள் அல்லவா, அதற்கு அண்ணன் அல்போன்ஸ் இன்னும் முணுமுணுத்துக்கொண்டிருக்கிறான்.

“வெட்டின முடி எங்க? யாரு கையில இருக்கு?”

“மைதானத்துல பிடிச்சு இழுக்கறாளுகன்னு அவதான் வெட்டச் சொன்னா. அடுப்புல போட்டுட்டேன்” என்றாள் சின்னம்மா.

“போட்டதை யாரு பாத்தா?”

யாரும் பார்க்கவில்லை. உன் முடி மேல் அவனுக்கு என்ன அக்கறை? எல்லாம் சித்தப்பா விட்டுப்போன காபித் தோட்டத்தின் மேல்தான். சித்தப்பா இறந்ததும், பிள்ளையில்லாத சின்னம்மா மூட்டையைக் கட்டிக்கொண்டு பிறந்த ஊருக்கே போய்விடுவாள் என்று கணக்குப் போட்டான். அவள் போகவில்லை. விடிந்தால் முதலில் தோட்டத்தில் இறங்குகிறவள் அவள்தான்.

இன்னொரு சேதி. லாரி முதலாளி பரிசமாகப் பன்றிகளை ஓட்டிக்கொண்டு மறுபடி உன்னைப் பெண் கேட்டு வந்தான். வீட்டில் இருக்கிற இரண்டு மனைவிகள் போதவில்லையாம். அண்ணன் பன்றிகளின் கொழுப்பைத் தட்டித் தட்டிப் பார்த்தான். அப்பாதான், “அவ ஆடற வரைக்கும் இந்தப் பேச்சு வேணாம். ஆட்டம் முடிஞ்சா வா” என்று அனுப்பிவிட்டார். ஆகவே ஆட்டத்தை முடித்துவிடாதே.

உடம்பைப் பார்த்துக்கொள்.

உன் அக்கா,
பிபியானா


சிட்னி
மார்ச் 30

அன்புள்ள அக்காவுக்கு,

டெல்மாவின் வணக்கம். நான் கல்லு மாதிரி இருக்கிறேன். உனக்கும் அப்பாவுக்கும் சின்னம்மாவுக்கும் உடம்பு எப்படி? அப்பாவின் முழங்காலுக்கு இங்கே நாங்கள் பூசுகிற தைலத்தை அனுப்புகிறேன். நாத்தம் குடலைப் புரட்டும், ஆனால் கேட்கும்.

இங்கே நாள் முழுக்க ஓட்டம், எடை தூக்கல், மறுபடி ஓட்டம். ரக்பி அணியில் என்னை முன்வரிசையில் போட்டிருக்கிறார்கள். வேலை சுலபம். பந்து நம்மிடம் இருந்தால் வாங்கிக்கொண்டு எதிரே நிற்கிற சுவரில் போய் முட்ட வேண்டும். பந்து அவர்களிடம் இருந்தால் வருகிறவளை மடக்கிக் கீழே தள்ள வேண்டும். சின்ன வயதில் அண்ணனிடம் சும்மா வாங்கியதற்கு இங்கே சம்பளம் தருகிறார்கள்.

ஒரு வேடிக்கை சொல்கிறேன், சிரி. சீசன் தொடங்கும் முன் எல்லாருக்கும் கம்ப்யூட்டரில் தலைச் சோதனை. சொற்கள் வரும், ஞாபகம் வைத்துத் திருப்பிச் சொல்ல வேண்டும். விளக்கு மாறினால் உடனே பட்டனை அமுக்க வேண்டும். ஆட்டத்தில் தலையில் அடிபட்டால் மறுபடி இதே சோதனை. இப்போது வாங்கிய மார்க்கைவிடக் குறைந்தால் உட்கார வைத்துவிடுவார்கள். எங்கள் அணியில் மூத்தவள் லோசா என்ற சமோவாக்காரி. குளியலறையில் என் காதைக் கடித்தாள்.

“இப்பவே மெதுவா அமுக்குடி. நாலு கேட்டா ஒண்ணைத் தப்பாச் சொல்லு. அப்புறம் எவ்வளவு அடி வாங்கினாலும் மார்க்கு இறங்காது. நாங்க எல்லாரும் அப்படித்தான்.”

பள்ளிக்கூடத்தில் பாடுபட்டும் குறைந்த மார்க்கு வாங்கியவள் நான். இங்கே பாடுபட்டுக் குறைந்த மார்க்கு வாங்கினேன். டாக்டரம்மா, “பரவாயில்லை, இங்கிலீஷ் உன் பாஷை இல்லையே” என்று தோளில் தட்டிக்கொடுத்தார். நல்ல மனுஷி. அதுதான் கொஞ்சம் உறுத்தலாக இருந்தது.

ஒப்பந்தம் இந்த ஒரு வருடத்துக்குத்தான். செப்டம்பர் கடைசியில் அடுத்த வருடத்துக்கு யார் யார் என்று சொல்வார்கள். லாரி முதலாளியிடம் சொல், பன்றிகளை நன்றாக வளர்க்கட்டும், அவனே சாப்பிடலாம்.

உன் தங்கை,
டெல்மா


யாகுமுல்
ஜூன் 2

டெல்மா,

கடிதம் கிடைத்தது. இங்கே வீட்டில் எல்லாரும் சௌக்கியம். அப்பா தைலத்தைப் பூசிக்கொண்டு வந்து உட்கார்ந்தால் நாய் எழுந்து போகிறது. உன் கை கால் எல்லாம் சுகம்தானே?

காபிப் பழம் பறித்து முடிந்தது. சின்னம்மா தோட்டத்தில்தான் இந்தத் தடவை நல்ல காய்ப்பு. வாயை மூடிக்கொண்டு இருக்கக் கூடாதா, அவள் ஊர்க் குழாயடியில் அதைச் சொல்லிக்கொண்டிருந்தாள்.

உன் முதல் ஆட்டத்துக்கு ஊரே ஆயத்தமாகிவிட்டது. மிஷன் கூடத்தில் டிவியும் ஜெனரேட்டரும் வைக்கிறார்கள். ஆட்டம் இருக்கிற ஞாயிறுகளில் பிரசங்கத்தைச் சுருக்கிக்கொள்வதாக உபதேசியார் வாக்குக் கொடுத்திருக்கிறார். இத்தனை வருடத்தில் யாரும் சாதிக்காததை நீ சாதித்துவிட்டாய். அண்ணன் போகிற இடமெல்லாம், “எந்தங்கச்சி, எந்தங்கச்சி” என்று நெஞ்சைத் தட்டிக்கொள்கிறான். பப்புவா நியூ கினி அணிக்கு உன்னைத் தேர்ந்தெடுத்தபோது, பெண்பிள்ளைக்குக் கால்சட்டையா என்று உன் பையை ஆற்றில் எறிந்தவன் இவன்தான். போகட்டும், பெருமையாவது படுகிறானே.

சின்னம்மாவுக்கு ஆட்டம் விளங்காது. “எதுக்குப் புள்ளைகளை இப்படி மோத விடறாங்க? யாராவது போய் விலக்கக் கூடாதா?” என்று கேட்கிறாள். நடுவர் என்று ஒருவர் இருக்கிறார் என்றேன். “அவரு பாத்துக்கிட்டுத்தான நிக்கறாரு” என்கிறாள்.

எழுது. அடிபடாமல் இரு.

அக்கா பிபியானா


சிட்னி
ஜூலை 21

அன்புள்ள அக்காவுக்கு,

எல்லாரும் சுகமா? அப்பாவின் முழங்கால் எப்படி? நான் சுகம்.

இரண்டு ஆட்டம் முடிந்தன. ஒன்று வெற்றி, ஒன்று தோல்வி. கோச் என் மேல் திருப்தியாக இருக்கிறார். முட்டினால் பின்வாங்காதவள் என்று எல்லார் முன்னாலும் சொன்னார்.

இங்கே குளிர் அதிகம். குளிரினாலோ என்னவோ தலைவலி விடாமல் இருக்கிறது. போன் வெளிச்சம் கண்ணில் குத்துகிறது என்று அணைத்துப் பைக்குள் போட்டுவிட்டேன். காகிதத்தில் எழுதுவது சுகம், அதுவும் திரையை இழுத்துவிட்டு. நேற்று கடைக்குப் போய், எதற்கு வந்தேன் என்று தெரியாமல் சும்மா நின்றேன். நம் வீட்டு நாயின் பெயர் என்ன? முந்தாநாள் முழுக்க யோசித்தேன், வரவில்லை.

பயப்படாதே. டாக்டரிடம் காட்டிவிட்டேன். படம் எடுத்து, மிஷினில் எல்லாம் வைத்துப் பார்த்தார்கள். ஒன்றுமே இல்லை என்றுவிட்டார்கள். அப்பாவுக்குப் படித்துக் காட்டும்போது தலைவலிப் பேச்சை விட்டுவிடு.

எல்லாரும் சுகமா? அப்பாவின் முழங்காலைக் கேட்டதாகச் சொல்.

டெல்மா


யாகுமுல்
ஆகஸ்ட் 11

டெல்மா,

நாயின் பெயர் சொங்கி. நீ வைத்த பெயர். நாங்கள் உடம்பளவில் நன்றாக இருக்கிறோம். உன் தலைவலி எப்படி இருக்கிறது என்று முதலில் எழுது. உண்மையை எழுது.

உன் கடிதம் என் கைக்கு வரவில்லை. நான் சந்தைக்குப் போயிருந்தபோது டிரைவர் அதை அண்ணனிடம் கொடுத்துவிட்டான். எழுத்துக்கூட்டத் தெரியாதவன் அதை ஆசிரியரிடம் கொண்டுபோய், மிஷன் கூடத்து வாசலில் நின்று சத்தமாகப் படிக்கச் சொல்லியிருக்கிறான். எந்தங்கச்சி கடிதம் என்ற பெருமைதான். நான் வந்து சேர்ந்தபோது எல்லாருக்கும் எல்லாம் தெரிந்திருந்தது.

“அவ்வளவு பெரிய ஊரு டாக்டரு, மிஷின் வெச்சுப் பாத்தும் ஒண்ணும் தெரியலன்னா அது ஆஸ்பத்திரி நோய் இல்ல. ஊர் நோய். யாரோ வெச்ச சூனியம்” என்றான் அண்ணன். “தலையில வந்திருக்கு. முடிய வெட்டினது யாரு?”

“டிவியில நீங்களும்தான பாத்தீங்க?” என்றேன். “ரெண்டாவது ஆட்டத்துல அந்த மஞ்சச் சட்டைக்காரியோட தோள் இவ தாடையில இறங்கிச்சு. எழுந்து எதிராளி பக்கமா நடந்தா. நாம சிரிச்சோம்.”

“அன்னிக்கு எத்தன பேரு அடி வாங்கினாளுக? மத்தவளுக எல்லாம் நல்லாத்தான இருக்காளுக? இவளுக்கு மட்டும் ஏன் நாயோட பேரு மறக்குது?”

இதற்குப் பதில் உன்னிடம் இருக்கிறது. அந்தக் கம்ப்யூட்டர் சோதனை வேடிக்கையை நான் மறக்கவில்லை. அதை இங்கே சொன்னேன். “டாக்டரை ஏமாத்த முடியுமா? அக்காக்காரி கதை கட்டறா” என்கிறார்கள்.

வெளியூரிலிருந்து ஒரு குறிகாரனை அழைத்துவந்து கூட்டம் போட்டார்கள். அவன் கண்ணை மூடி, பிள்ளையில்லாத ஒரு பெண் தெரிகிறாள் என்றான். ஊரில் பிள்ளையில்லாதவள் ஒருத்திதான் என்று அவனுக்கு யார் சொன்னது என்று நான் சொல்ல வேண்டியதில்லை. சின்னம்மாவை நடுவில் நிற்க வைத்துக் கேட்டார்கள். “அடுப்புல போட்டேன். வேற என்னத்தச் சொல்லச் சொல்றீங்க?” என்றாள். திரும்பத் திரும்ப அதையேதான் சொன்னாள்.

ஊர்க் கோர்ட்டு நீதிபதி நல்லவர். என்னைத் தனியாகக் கூப்பிட்டு, “தலையில அடிபட்டதாலதான் இந்த நோய்னு டாக்டர் கையெழுத்தோட ஒரு சீட்டு வரட்டும்மா. இவனுங்க வாயை நான் அடைக்கிறேன்” என்றார்.

டெல்மா, கீழ்ப் பள்ளத்தாக்கில் போன வருடம் இதே போல ஒருத்தியை என்ன செய்தார்கள் என்று உனக்குத் தெரியும். நான் எழுத வேண்டாம். சீட்டை அனுப்பு.

அக்கா


சிட்னி
ஆகஸ்ட் 27

அன்புள்ள அக்காவுக்கு,

உன் கடிதம் கண்டேன். நீ நலமா? அப்பா நலமா? சின்னம்மாவுக்கு என் அன்பைச் சொல். தலைநகர் மோர்ஸ்பிக்குப் போகிற நம் பாஷைக்காரி ஒருத்தியிடம் சின்னம்மாவுக்கு ஒரு கம்பளிச் சட்டையும் நல்ல கத்தரி ஒன்றும் கொடுத்தனுப்பியிருக்கிறேன்.

தலைவலி போயே போய்விட்டது. இதை எல்லாரிடமும் சொல். ஊர் வாசலில் நின்று சத்தமாகப் படி. நான் நலம், பூரண நலம். நலமாக இருக்கிறவளுக்குச் சீட்டு எதற்கு? வம்பு தானாக ஓய்ந்துவிடும்.

உனக்கு மட்டும் சொல்கிறேன். இங்கே அப்படி ஒரு சீட்டுக் கேட்டால் அது நேராகக் கோச்சின் மேசைக்குப் போகும். அன்றோடு உட்கார வைத்துவிடுவார்கள். என் இடத்துக்கு வரிசையில் நிற்கிறார்கள். ஒப்பந்தம் போனால் விசா போகும், விசா போனால் நான் யாகுமுலில் நிற்பேன். லாரி முதலாளி வீட்டில் மூன்றாவது அடுப்பை ஊதிக்கொண்டு நான் உட்கார உனக்குச் சம்மதமா? இன்னும் கொஞ்ச ஆட்டங்கள்தான், அக்கா. எல்லாரும் பயமுறுத்துவார்கள், செய்யமாட்டார்கள். சின்னம்மா நம் வீட்டு ஆள். அண்ணன் கத்துவான், அவ்வளவுதான்.

நீ நலமா? பதில் எழுது.

டெல்மா


யாகுமுல்
செப்டம்பர் 12

டெல்மா,

நான் நலமா என்று இரண்டு தடவை கேட்டிருந்தாய். இல்லை.

நீ பூரண நலம் என்று எழுதியதை நானே சத்தமாகப் படித்தேன். கூட்டம் கலைந்துவிடும் என்று நம்பினேன். அண்ணன் எழுந்தான்.

“பாத்தீங்களா? மிரட்டினோம், கையை எடுத்துட்டா. தங்கச்சி தேறிட்டா.”

எல்லாரும் தலையாட்டினார்கள். நீ நன்றாக இருப்பதே அவள்தான் செய்தாள் என்பதற்குச் சாட்சியாகிவிட்டது. எனக்கு அங்கேயே காகிதத்தைக் கிழித்துப் போட வேண்டும் போல இருந்தது.

இப்போது நீ ஆடும் நாள்களில் என்ன செய்கிறார்கள் தெரியுமா? சின்னம்மாவை டிவிக்குப் பக்கத்தில் தரையில், கூட்டத்தைப் பார்த்தபடி உட்கார வைக்கிறார்கள். இரண்டு கையும் முழங்கால் மேல், எல்லாருக்கும் தெரிகிற மாதிரி. உதடு அசையக் கூடாது. திரை அவளுக்குத் தெரியாது. நீ கீழே விழும்போதெல்லாம் ஒருத்தரும் உன்னைப் பார்ப்பதில்லை. அவளைப் பார்க்கிறார்கள். நான் முன்னால் போய் உட்கார்ந்துகொள்கிறேன். சத்தம் அடங்கும்போது என்னிடம் கண்ணாலேயே கேட்கிறாள், புள்ள எழுந்துட்டாளா என்று. நான் தலையாட்டுகிறேன். அப்புறம்தான் மூச்சு விடுகிறாள்.

மிஷன் சிஸ்டர் தன்னோடு வந்து தங்கச் சொன்னார். “தோட்டத்த விட்டு ஓடினா செஞ்சது நாந்தான்னு ஆயிரும்” என்று மறுத்துவிட்டாள். பிறந்த ஊருக்குப் போகலாம் என்றால் பாதை சண்டைக்காரர்கள் கையில் இருக்கிறது. டவுனுக்கு நடந்து போய் உனக்குப் போன் செய்தேன். அணைத்து வைத்திருக்கிறாய்.

நீ மூன்றாவது அடுப்பை ஊத எனக்குச் சம்மதமா என்று கேட்டாய். சம்மதமில்லை. நீ வந்து நின்றால் அந்தப் பன்றிகளை நானே கல்லெடுத்து விரட்டுவேன். அதற்கு எனக்குத் தைரியம் இருக்கிறது. இதற்கு இல்லை. இந்தக் கூட்டத்தில் நான் ஒருத்திதான் பேசுகிறேன், பேசும்போது என் குரலே எனக்குப் பயமாக இருக்கிறது.

அண்ணன் கத்துவான், அவ்வளவுதான் என்றாய். அவன் இப்போது கத்துவதில்லை. அமைதியாக இருக்கிறான்.

சீட்டை அனுப்பு. ஆட்டத்தை நிறுத்து. இரண்டில் ஒன்று செய்.

பிபியானா


சிட்னி
செப்டம்பர்

அக்காவுக்கு,

எல்லாரும் சுகமா? அப்பாவின் முழங்கால் எப்படி?

உன் கடிதத்தைப் பல தடவை படித்தேன். ஒரு தடவையில் எல்லா வரியும் நிற்கமாட்டேன் என்கிறது.

தலைவலி என்று நான் டாக்டரிடம் போகவே இல்லை அக்கா. படம் எடுக்கவில்லை, மிஷின் ஒன்றும் இல்லை. நீ கவலைப்படக் கூடாது என்று எழுதினேன். அடி பட்டது. இரண்டாவது ஆட்டத்தில் ஒன்று, பயிற்சியில் ஒன்று, அப்புறம் இன்னொன்று. ஒவ்வொரு தடவையும் அந்தச் சோதனையில் தேறிவிட்டேன். குறைவாக வாங்கியவளுக்குத் தேறுவது சுலபம். வெளிச்சம் பட்டால் வாந்தி வருகிறது. லோசாவுக்குத் தெரியும். “போதும்டி, நான் சொன்னதே தப்பு. போய்ச் சொல்லு” என்று அழுதாள். அவளிடமும் சத்தியம் வாங்கிக்கொண்டேன்.

சனிக்கிழமை கடைசி ஆட்டம். திங்கட்கிழமை அடுத்த வருட ஒப்பந்தத்தில் கையெழுத்து. செவ்வாய்க்கிழமை டாக்டரிடம் போகிறேன், சீட்டு வாங்குகிறேன், அனுப்புகிறேன். கையெழுத்துப் போட்ட பிறகு அவர்களால் என்னைச் சும்மா அனுப்ப முடியாதாம். ஒரே ஒரு ஆட்டம். சின்னம்மாவிடம் சொல், விழாமல் ஆடுகிறேன் என்று.

காபி பறித்து முடிந்ததா? சின்னம்மாவைப் பார்த்துக்கொள்ளும்படி சித்தப்பாவிடம் நான் சொன்னதாகச் சொல். அவர் பேச்சை அண்ணன் தட்டமாட்டான்.

எல்லாரும் சுகமா?

டெல்மா


சிட்னி, ஆஸ்பத்திரி
அக்டோபர் 9

அன்புள்ள அக்காவுக்கு,

நீங்கள் எல்லாரும் உயிரோடும் சுகத்தோடும் இருக்க வேண்டும் என்று வேண்டிக்கொண்டு எழுதுகிறேன். ஒரு நாளைக்கு இரண்டு மூன்று வரிதான் எழுத விடுகிறார்கள். இந்தக் கடிதம் பல நாள்களாக எழுதியது.

சனிக்கிழமை ஆட்டம் எனக்கு ஞாபகமே இல்லை. உடை மாற்றியது வரை தெரியும். அப்புறம் இந்தக் கட்டில். தலைக்குள் ரத்தம் கசிந்திருந்ததாம், அறுத்து எடுத்திருக்கிறார்கள். இனி ஆடக் கூடாது. இந்த வருடம் என்று இல்லை, எப்போதும். டாக்டரம்மா வந்து கட்டில் பக்கத்தில் உட்கார்ந்தார். சோதனையில் நான் செய்ததை எல்லாம் சொன்னேன். அவர் திட்டவில்லை. “என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாமே” என்றார்.

கையெழுத்துக்கு வைத்திருந்த காகிதம் அப்படியே திரும்பிப் போய்விட்டது. அது போகட்டும்.

இத்துடன் டாக்டர் கையெழுத்தோடு சீட்டு இருக்கிறது. இந்தச் சீசனில் தலையில் பல தடவை அடிபட்டதால்தான் இவ்வளவும் என்று எழுதித் தந்திருக்கிறார். கீழே இருப்பதை எல்லார் முன்னாலும் படி:

ஊராரே, என் தலைக்கு வந்தது ஆட்டத்தில் பட்ட அடி. டாக்டர் பார்த்து ஒன்றும் இல்லை என்றார் என்று நான் எழுதியது பொய். நான் டாக்டரைப் பார்க்கவே இல்லை. முடியை வெட்டச் சொன்னது நான். மோகியா சின்னம்மா ஒரு பாவமும் அறியாதவள். என் பொய்க்கு என்னைத் தண்டியுங்கள்.

அக்கா, உடனே படி. படித்துவிட்டு எனக்கு ஒரு வரி எழுது. அவள் நலமா?

டெல்மா


யாகுமுல்
நவம்பர் 14

டெல்மா,

உன் கடிதமும் டாக்டர் சீட்டும் வந்து சேர்ந்து இரண்டு வாரம் ஆகிறது. செப்டம்பரில் எழுதியது அதற்கும் முன்னால் வந்தது. இரண்டுமே அவள் போன பிறகுதான் வந்தன.

அந்தச் சனிக்கிழமை மத்தியானம் நடந்ததை உனக்குச் சொல்லியாக வேண்டும். வேறு யாரும் சொல்லமாட்டார்கள்.

நீ பந்தை வாங்கிக்கொண்டு ஓடினாய், இரண்டு பேர் மேல் மோதினாய், விழுந்தாய். எழவில்லை. உன் ஒரு கை மேலே தூக்கியபடி விறைத்து நின்றது. கூடத்தில் ஜெனரேட்டர் சத்தம் தவிர ஒன்றும் கேட்கவில்லை. சின்னம்மா என்னைப் பார்த்தாள். நான் வழக்கம்போலத் தலையாட்டினேன். என் முகம் காட்டிக்கொடுத்திருக்க வேண்டும். அவள் முழங்காலிலிருந்து கையை எடுத்து, உடம்பைத் திருப்பித் திரையைப் பார்த்தாள். உன்னைத் தூக்குக் கட்டிலில் கட்டிக்கொண்டிருந்தார்கள். “ஐயோ எம்புள்ள” என்று அழுதாள். எங்கள் கூட்டத்தில் உனக்காக அழுதவள் அவள் ஒருத்திதான்.

“செஞ்சதையும் செஞ்சிட்டு அழுவுறா பாரு” என்றான் அண்ணன்.

நீதிபதி அன்று டவுனில் இருந்தார். நான் அவள் இடுப்பைக் கட்டிக்கொண்டேன். என்னைப் பிய்த்தெடுத்துக் கூடத்துக்குள் வைத்துக் கதவைப் பூட்டினார்கள். அப்பா வாசலில் உட்கார்ந்திருந்தார். எழுந்திருக்கவில்லை. முழங்கால் வலி என்று பிறகு சொன்னார். ஆற்றுப் பக்கம் கூட்டிக்கொண்டு போனார்கள். போனவர்கள் திரும்பினார்கள். மறுநாள் மிஷன் சிஸ்டரும் நானும் தேடிப் போய்க் கண்டெடுத்து, மிஷன் நிலத்திலேயே அடக்கம் செய்தோம். அவளுக்காக ஒரு வீட்டிலும் ஒப்பாரி வைக்கவில்லை. நாங்கள் இரண்டு பேரும் வைத்தோம். போலீஸ் வந்தது. எல்லாரையும் கேட்டது. யாரும் எதையும் பார்க்கவில்லையாம். தோட்டத்தில் இப்போது அண்ணன் களை எடுக்கிறான்.

நீ சொன்னபடி உன் கடிதத்தைப் பூசை முடிந்ததும் எல்லார் முன்னாலும் படித்தேன். நீதிபதி டாக்டர் சீட்டை வாங்கி, வரிக்கு வரி நம் பாஷையில் சொன்னார். எல்லாரும் தலையைக் குனிந்தார்கள். உபதேசியார் அழுதார். ஒரு நிமிஷம் எனக்கு, போனவள் போனாள், பழியாவது கழுவப்பட்டது என்று தோன்றியது.

அண்ணன் எழுந்து, “மொதல்ல டாக்டருக்குத் தெரியல. அவ போனப்புறம் தெரியுது. ஏன்? அவ போட்ட கட்டு அவுந்துருச்சு, அதான் கண்ணுக்குத் தெரியுது” என்றான்.

“அவ டாக்டர்கிட்ட போகவே இல்லன்னு எழுதியிருக்கா” என்று கத்தினேன்.

“தலை அறுத்தவ. என்ன நடந்துச்சுன்னு அவளுக்கே ஞாபகம் இல்லங்கறா. எது நடந்துச்சு, எது நடக்கலன்னு அவளுக்கு எப்படித் தெரியும்?”

குனிந்த தலைகள் மெல்ல நிமிர்ந்தன. அவர்களுக்கு அது தேவைப்பட்டது, டெல்மா. அன்று ஆற்றுக்குப் போனவர்களும் அங்கே உட்கார்ந்திருந்தார்கள், அவர்களின் அம்மாக்களும் உட்கார்ந்திருந்தார்கள். நான் படித்தது உண்மையானால் அவர்கள் யார்? அண்ணன் சொன்னதைப் பிடித்துக்கொண்டார்கள்.

உன் மேல் எனக்குக் கோபம் இருக்கிறது. அது போகுமா என்று தெரியவில்லை. நீ படுத்துக் கிடக்கிறாய் என்று நினைத்தால் உன் பக்கத்தில் வந்து உட்கார வேண்டும் போலவும் இருக்கிறது. இரண்டும் சேர்ந்தே இருக்கின்றன, இரண்டையும் வைத்துக்கொண்டு சமைக்கிறேன், துவைக்கிறேன்.

அப்பா பக்கத்தில் உட்கார்ந்து, “தேறிட்டாளான்னு கேளு, சாப்பிடறாளான்னு கேளு” என்கிறார். நான் கேட்கவில்லை. இந்தக் கடிதத்தில் எங்குமே கேட்கவில்லை என்பதைக் கவனித்திருப்பாய். கேட்டால் நீ பதில் எழுதுவாய். தேறி வருகிறேன் என்று எழுதினால் அண்ணன் அந்தக் காகிதத்தைத் தூக்கிக்கொண்டு வீடு வீடாகப் போவான், செய்தது சரிதான் என்று காட்ட. தேறவில்லை என்று எழுதினால் அடுத்தது யார் என்று தேடுவார்கள். அவளுக்காக வாயைத் திறந்தவள் நான் ஒருத்தி. இப்போதே இரண்டு வீட்டுக்காரர்கள் என் கையால் தண்ணீர் வாங்கிக் குடிப்பதில்லை.

நீ பிழைத்து எழ வேண்டும் என்று தினமும் முழங்காலிட்டு வேண்டிக்கொள்கிறேன். எழுந்துவிட்டால் எங்களுக்குத் தெரியப்படுத்தாதே.

பிபியானா